வடசேரியிலிருந்து சானல் பாலம் வரை: ‘சுத்தே’ என்று பேர் வைக்கப் போன கதை

இந்த வலைப்பூவில் இதுவரை நான் எழுதியதெல்லாம் அருவி, அணை, எந்தக் கடையில் மீன்குழம்பு நன்றாக இருக்கும் என்பது மாதிரி உபயோகமான சங்கதிகள். வாசிக்கிறவர்களும் பெரும்பாலும் வடசேரியில் என் பிளம்பிங் கடைக்குப் பைப்பு வாங்க வருகிறவர்கள்தான். இந்தத் தடவையும் திற்பரப்பு அருவிக்குப் போவதாகத்தான் வீட்டில் சொல்லிவிட்டுக் கிளம்பினோம். அருவியைக் கண்ணால் பார்க்கவில்லை. அதனால் தண்ணீர் எப்படி விழுகிறது என்று கேட்டு யாரும் கருத்து எழுத வேண்டாம்.

போனது ஜூன் மாதக் கடைசி சனிக்கிழமை. நானும் என் மகள் ஜெனியும் அவளுடைய இரண்டு மாதப் பெண்குழந்தையும். வண்டி ஓட்டியது மணி, எங்கள் வீட்டுக்கு வழக்கமாக வரும் வாடகைக் கார்க்காரர். போன காரியம், குழந்தைக்கு ஒரு ஜப்பான் பேர் வைப்பது. பேர் வைக்க மலையடிவாரம் வரை போக வேண்டுமா என்று கேட்பீர்கள். அதற்குக் கொஞ்சம் பின்னால் போக வேண்டும்.

ஜெனி நர்சிங் படித்துவிட்டு ஜப்பானில் ஒரு முதியோர் இல்லத்தில் வேலை பார்க்கிறாள். மருமகனுக்கும் அங்கேதான் வேலை. இந்தக் குழந்தைக்கு முன்னால் அவளுக்கு இரண்டு. முதலாவது பிறந்து மூன்று நாள்தான் இருந்தது. அடுத்தது வயிற்றிலேயே போய்விட்டது. இரண்டுக்கும் முன்கூட்டியே பேர் யோசித்து வைத்திருந்தோம். நான் வாயை வைத்துக்கொண்டு சும்மா இருக்கமாட்டேன், கடைக்கு வருகிறவர்களிடமெல்லாம் அந்தப் பேரைச் சொல்லியும் வைத்திருந்தேன்.

மூன்றாவது பிரசவத்துக்கு ஊருக்கு வந்தாள். பெண். நல்ல எடை, ஒரு குறையும் இல்லை என்று டாக்டர் சொன்னார். ஆனாலும் வீட்டில் ஒருவருக்கும் உறக்கம் இல்லை. பிள்ளை மூச்சு விடுகிறதா என்று பார்க்க அதன் மூக்குக்குக் கீழே விரலை வைப்பேன். என் விரல் நடுங்குகிற நடுக்கத்தில் மூச்சு வருகிறதா இல்லையா என்று தெரியாது. அப்புறம் லேசாகக் கிள்ளுவேன். அது வீறிட்டுக் கத்தும். எனக்கு உயிர் வரும். என் மனைவி தலையணையைத் தூக்கி எறிவாள்.

பேர் மட்டும் வைக்கவில்லை. பிறப்புச் சான்றிதழிலும் பேர் இருக்கும் இடம் காலி. என் மனைவி ஜாய்ஸ் என்று ஒரு பேர் சொல்லிப் பார்த்தாள். ஜெனி சம்மதிக்கவில்லை.

“வேண்டாம்மா. பேரு சொல்லி விளிச்சா அதுக்குக் கேக்கும்.”

“எதுக்குட்டி?”

“அதுக்கு.”

அது என்றால் எது என்று அதற்கு மேல் நாங்கள் கேட்கவில்லை. மூன்று பேருக்கும் தெரிந்துதான் இருந்தது.

ஒருநாள் குழந்தையை மடியில் போட்டுக்கொண்டு அவளாகவே என்னிடம் மட்டும் சொன்னாள். அவள் வேலை பார்க்கும் இல்லத்தில் நூறு வயதை நெருங்கிய ஒரு அம்மா இருந்தாராம். கதவில் அவர் பேர் எழுதியிருக்கும். ஜெனி அப்போதுதான் ஜப்பான் எழுத்துப் படிக்கத் தொடங்கியிருந்த நேரம். அந்தப் பேரின் எழுத்தை ஏற்கெனவே எங்கேயோ பார்த்த ஞாபகம். எங்கே என்று யோசித்தால், தெருவில் குப்பை போடும் இடத்தில் இருக்கும் பலகையில். எறிவது, வேண்டாம் என்று போடுவது என்பதற்கான எழுத்து. யாரோ அந்த வயதான அம்மாவைக் கேவலப்படுத்த எழுதியிருக்கிறார்கள் என்று நினைத்து, அழித்துவிடலாமா என்று மேலாளரிடம் போய்க் கேட்டிருக்கிறாள். அவர் சிரித்துவிட்டு, அதுதான் அவர் பேர் என்றாராம். சுத்தே. ஜெனி சொல்லும்போது கிட்டத்தட்ட ‘ஸ்தே’ என்றுதான் காதில் விழும். எனக்கு அந்த அளவுக்கு நாக்கு சுருங்காது.

அந்தக் காலத்து ஜப்பானில் பெண்பிள்ளைகளுக்கு இப்படிச் சின்னச் சின்னப் பேராகத்தான் வைப்பார்களாம். கொக்கு என்று ஒரு பேர், ஆமை என்று ஒரு பேர். இரண்டும் நெடுநாள் வாழும் என்ற நம்பிக்கை. பைன் மரம், மூங்கில் என்றும் உண்டு. பின்னாலே ‘கோ’ என்று முடிகிற பேர்கள் மவுசாகி, இந்தப் பழைய பேர்களெல்லாம் கிழவிகளோடு நின்றுபோயின. அவற்றில் ஒன்றுதான் சுத்தே. முன்னால் பிள்ளைகள் தங்காத வீட்டிலும், தகப்பனுக்கோ தாய்க்கோ பொல்லாத வயது நடக்கும்போது பிறந்த பிள்ளைக்கும் இந்தப் பேர். ஆணுக்கு நாற்பத்திரண்டாவது வயது அங்கே பொல்லாத வயதாம். எனக்கு அந்த வயதில் மஞ்சள்காமாலை வந்தது, அதனால் அதை மட்டும் உடனே நம்பினேன்.

வெறும் பேர் மட்டும் வைத்தால் போதாது, உண்மையாகவே எறிய வேண்டும். பிள்ளையைச் சுளவில், அதாவது முறத்தில், கிடத்தி, மூன்று வழி கூடும் இடத்திலோ பாலத்தடியிலோ வைத்துவிட்டு, பெற்றவர்கள் திரும்பிப் பார்க்காமல் வந்துவிட வேண்டும். பிள்ளைகள் நன்றாகத் தங்கியிருக்கும் ஒரு வீட்டுக்காரியிடம் முதலிலேயே சொல்லி வைத்திருப்பார்கள். அவள் வந்து எடுத்து, ‘இது நான் கண்டெடுத்த பிள்ளை, உன்னிடம் வளர்க்கத் தருகிறேன்’ என்று திருப்பிக் கொடுப்பாள். கொண்டுபோக வருகிறது ஆசையாக வைத்திருக்கும் பிள்ளையைத்தானே தேடும்? வேண்டாம் என்று எறிந்ததை ஏறிட்டுப் பார்க்காது. அந்த அம்மாவுக்கு முன்னால் பிறந்த நான்கும் போய்விட்டனவாம். இவரை ஒரு பாலத்தடியில் வைத்தார்கள். நூறு வயதுக்குப் பக்கத்தில் வந்துவிட்டார். இரண்டாவது பிள்ளை போன சமயத்தில் ஜெனியின் கையைப் பிடித்துக்கொண்டு, அடுத்ததை எறிந்துவிடு என்று சொன்னது அவர்தான்.

நாங்கள் மிஷன் காலத்திலிருந்து சபைக் குடும்பம். நல்லநேரம், சகுனம் எதுவும் பார்க்காத வீடு. நான் சபைக் கமிட்டியில் இருக்கிறேன். அதனால் நியாயமாக நான் செய்ய வேண்டியது, மகளை உட்கார வைத்து ஜெபம் பண்ணுவது. நான் செய்தது, மறுநாள் காலை வடசேரிச் சந்தைக்குப் போய் இருநூறு ரூபாய்க்கு ஒரு சுளவு வாங்கியது. பேரம்கூடப் பேசவில்லை.

எடுப்பதற்கு ஆளையும் ஜெனியே பிடித்தாள். அவளோடு நர்சிங் படித்த ஷைனி, குலசேகரத்தில் கட்டிக்கொடுத்தது, மூன்று பிள்ளைகள், மூன்றும் தெருவையே இரண்டாக்கும் பிள்ளைகள். சொல்ல வேண்டிய வாக்கியத்தை ஷைனி வாட்ஸ்அப்பில் குரல் பதிவாகப் பேசிப் பேசிப் பழகி அனுப்பிக்கொண்டிருந்தாள். குலசேகரத்துக்கு அப்பால் ரப்பர் எஸ்டேட்டுக்குள் ஆள் நடமாட்டம் இல்லாத ஒரு சானல் பாலம் இருப்பதாகச் சொல்லி, இடத்தையும் குறித்து அனுப்பினாள். எங்கள் மாவட்டத்தில் வாய்க்காலைச் சானல் என்றுதான் சொல்வோம். ஜூனில் பேச்சிப்பாறை அணையைத் திறந்துவிடுவார்கள், எல்லாச் சானலும் கரை தொட்டு ஓடும். இதை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள். நான் வைத்துக்கொள்ளவில்லை.

காலை ஆறரைக்கு வண்டி வந்தது. ஒருநாள் வாடகை 2,400 ரூபாய், டீசலும் சேர்த்து. மழை தூறிக்கொண்டிருந்தது. என் மனைவி வாசலில் நின்று, பச்சைப்பிள்ளையை மழையில் அருவிக்குக் கொண்டுபோகிற அறிவாளிகளை இந்த ஜில்லாவிலேயே பார்த்ததில்லை என்றாள். சபையில் பெண்கள் கூட்டம் இருந்ததால் அவள் வரவில்லை. இல்லையென்றால் இந்தக் கட்டுரையே இல்லை.

பார்வதிபுரம், வில்லுக்குறி, தக்கலை வழியாக அழகியமண்டபம். அங்கே வலப்பக்கம் திரும்பி வேர்கிளம்பி, திருவட்டாறு, குலசேகரம். மொத்தம் முப்பத்தைந்து கிலோமீட்டர் வரும். ஒன்றே கால் மணி நேரத்தில் போகலாம். நாங்கள் இரண்டு மணி நேரம் எடுத்தோம், ஏனென்றால் ஒவ்வொரு பள்ளத்துக்கும் நான் ‘பைய, பைய’ என்று மணியின் தோளைப் பிடித்துக்கொண்டிருந்தேன். எதிரே வருகிற ஒவ்வொரு டாரஸ் லாரியும் எங்களைத் தேடித்தான் வருவதாகத் தோன்றியது.

வேர்கிளம்பி தாண்டியதும் மணி பொறுமை இழந்தார்.

“அண்ணாச்சி, தோளு எனக்கதாக்கும். கியரு இஞ்ச இருக்கு.”

“பிள்ள இருக்குல்லா, அதான்.”

“அருவி அஞ்சயேதான் நிக்கும், ஓடியொண்ணும் போவாது. ஒரு ரெண்டு மாசம் களிஞ்சு வந்தா என்ன?”

ஜெனிக்குப் பொய் சொல்ல வராது. அருவிக்கு இல்லை என்று சொல்லி, சுத்தே என்ற பேரையும் அதன் அர்த்தத்தையும், பாலத்தில் வைக்கப் போவதையும் அவரிடம் சொல்லிவிட்டாள். சிரிப்பார், அல்லது வண்டியைத் திருப்புவார் என்று நினைத்தேன். மணி பாட்டை நிறுத்தினார். குலசேகரம் வரை கண்ணாடியில் குழந்தையைப் பார்த்துப் பார்த்து ஓட்டினார். அது எனக்கு இன்னும் பயமாக இருந்தது.

குலசேகரத்தில் ஒரு சாயாக்கடையில் சாயாவும் பழம்பொரியும் சாப்பிட்டோம், மூவருக்கும் சேர்த்து எண்பது ரூபாய். ஜெனி சாயாவைத் தொடவில்லை. ஷைனியைக் கூப்பிட்டு, கிளம்பச் சொன்னோம். அதற்கு மேலே எஸ்டேட் சாலை. மழைக்காலத்தில் ரப்பர் மரங்களுக்குப் பால் நனையாமலிருக்க பிளாஸ்டிக்கைப் பாவாடை மாதிரி கட்டியிருப்பார்கள். வரிசை வரிசையாக ஆயிரக்கணக்கான மரங்கள், எல்லாம் பாவாடை கட்டிக்கொண்டு அசையாமல் நின்றன. காலை ஒன்பது மணிக்கு உள்ளே சாயங்காலம் மாதிரி இருட்டு. அங்கேயே போனில் டவர் போய்விட்டது.

இந்த இடத்தில் ஜெனி, ஷைனி குறித்து அனுப்பிய இடத்தை மணியிடம் காட்டப் போனாள். நான் தடுத்தேன். இருபது வருஷத்துக்கு முன்னால் இந்த எஸ்டேட்டுக்கு நானே பைப்பு கொண்டுவந்து இறக்கியவன், குருசடி தாண்டி இடப்பக்கம், கண்ணைக் கட்டிவிட்டாலும் போவேன் என்றேன். அப்படித்தான் போனேன்.

சாலையோரம் சிலுவை நட்ட அந்தக் குருசடி வந்தது. இடப்பக்கம் திரும்பினோம். பாலமும் வந்தது. இடுப்பளவு கைப்பிடிச் சுவர், கீழே சானல், செம்மண் நிறத்தில் சுழித்துக்கொண்டு ஓடியது. பாலத்தின் இந்தப் பக்கம் மழை படாமல் ஒரு பலாமரம். அதன் அடியில் சுளவை வைத்தேன். ஜெனி ஒரு பழைய புடவையை மடித்து விரித்து, குழந்தையைக் கிடத்தினாள். அது விழித்துக்கொண்டு மேலே இலைகளைப் பார்த்தது. ஜெனி குனிந்து அதன் முகத்துக்கு அருகே போய், வேண்டாம் என்று சொல்ல வேண்டியதைச் சொன்னாள். “நீ எனக்கு வேண்டாம்.” குரலே வரவில்லை. இரண்டாவது முறை சொல்லச் சொல்லி யாரும் கேட்கவில்லை, ஆனாலும் சொன்னாள். பிறகு என் கையைப் பிடித்துக்கொண்டு நடந்தாள். அவள் நகம் என் கையில் பதிந்தது.

வண்டி ஒரு வளைவுக்கு அப்பால் நின்றது. அங்கிருந்து பாலம் தெரியாது. மணி வெளியே இறங்கி நின்றுகொண்டிருந்தார். நாங்கள் வண்டிக்குள் உட்கார்ந்தோம். சிறிது நேரத்தில் குழந்தை அழுகிற சத்தம் கேட்டது. உடனே ஒரு பெண்ணின் குரல், ‘ஐயோ’ என்பது மாதிரி. ஜெனி என்னைப் பார்த்து முதல்முறையாகச் சிரித்தாள். ஷைனி வந்துவிட்டாள். அழுகைச் சத்தம் மெல்ல மெல்லக் குறைந்தது. எடுத்துச் சமாதானப்படுத்துகிறாள் என்று நினைத்தோம்.

காத்திருந்தோம். யாரும் வரவில்லை. ஷைனி அந்த வாக்கியத்தை மறந்துவிட்டு ஒருமுறை சொல்லிப் பார்க்கிறாளோ என்று நான் ஒரு ஜோக் அடித்தேன். ஒருவரும் சிரிக்கவில்லை. மழை வலுத்தது. ஜெனி கதவைத் திறந்து ஓடினாள். திரும்பிப் பார்க்கக் கூடாது என்பதெல்லாம் யாருக்கு நினைவிருக்கும்? நானும் ஓடினேன்.

சுளவு அங்கேயே இருந்தது, கொஞ்சம் சரிந்து. புடவை இல்லை. பிள்ளை இல்லை. பாலத்தின் இரண்டு பக்கமும் ஒரு ஆள் இல்லை. பலா இலைகளில் மழை விழுகிற சத்தமும் கீழே தண்ணீர்ச் சத்தமும் மட்டும்.

ஜெனி கைப்பிடிச் சுவரில் வயிற்றை வைத்துக் குனிந்து தண்ணீரைப் பார்த்தாள். நானும் பார்த்தேன். ஒரு தேங்காய்மட்டை சுற்றிக்கொண்டு போனது. அதை நான் என்னவாக நினைத்தேன் என்று எழுத முடியாது. எனக்கு நீச்சல் தெரியாது. ஆனால் கரைப்படியில் இறங்கி, புல்லைப் பிடித்துக்கொண்டு இடுப்பளவுத் தண்ணீரில் நின்று காலால் துழாவிக்கொண்டிருந்தேன். கர்த்தரையும் கூப்பிட்டேன். எனக்குப் பேர் தெரிந்த எல்லாரையும் கூப்பிட்டேன். பிள்ளையைக் கூப்பிடத்தான் வாயெடுத்தால் ஒன்றும் வரவில்லை. கூப்பிட அதற்குப் பேர் இல்லை.

“அண்ணாச்சி! மேல வாரும்!” மணி கத்தினார். கைப்பிடிச் சுவரின் மறுமுனையில் ஒரு சாயா ஃபிளாஸ்க் நின்றது. அவர் மூடியைத் திறந்து காட்டினார். ஆவி பறந்தது. “ஆரோ வச்சிட்டு ஓடியிருக்கு. பிள்ளய எடுக்கதுக்கு ரெண்டு கையும் வேண்டாமா? ஆளு அந்தப் பக்கந்தான் போயிருக்கும்.”

பாலம் தாண்டி ஓடினோம். மரங்கள் முடிகிற இடத்தில் பாதைகள் கூடும் ஒரு சின்ன முக்கு. ஒரு சாயாக்கடை, ஒரு ரப்பர் ஷீட் வாங்குகிற கடை. சாயாக்கடை முன்னால் பத்துப் பன்னிரண்டு பேர் கூட்டம். நடுவே நாற்பது வயது மதிக்கத்தக்க ஒரு பெண், சாயாக்கடைக்காரி, தலையெல்லாம் நனைந்து, எங்கள் புடவையில் சுற்றிய எங்கள் பிள்ளையை மார்போடு அணைத்துக்கொண்டு நின்றார். பால் வெட்டுகிறவர்களுக்குச் சாயா கொடுக்கப் போகும்வழியில் பார்த்து எடுத்திருக்கிறார். பேர் பிந்து என்று பின்னால் தெரிந்தது.

ஜெனி கையை நீட்டிக்கொண்டு போனாள். பிந்து ஓர் அடி பின்னால் நகர்ந்தார்.

“தொடப்பிடாது. ஆரு நீ?”

“எனக்க பிள்ளை அக்கா. தாங்க.”

“பிள்ளையா? பிள்ளய பாலத்துக்க பக்கத்துலயா வைக்கும்? பொம்பளப்பிள்ளன்னு தானட்டி களஞ்ச? போலீசுக்கு விளிச்சாச்சு. அவங்க வரட்டு.”

ஜெனி போனை எடுத்துப் புகைப்படங்களைக் காட்டினாள். அதைப் பார்த்த ஒருவர், “அப்பம் களஞ்சது இவியதான், சம்சயமே இல்ல” என்றார். ஆதாரம் காட்டக் காட்டக் குற்றம் உறுதியாகிக்கொண்டே போனது. இடுப்புவரை நனைந்த வேட்டியும் சேறுமாய் வந்து நின்ற என்னைப் பார்த்ததும் கூட்டத்துக்குச் சந்தேகமே போய்விட்டது. ஒரு பையன் வீடியோ எடுத்தான். ஒரு கை என் சட்டைக் காலரைப் பிடித்தது.

“சரி, பிள்ளைக்க பேரு என்ன?” என்று கேட்டார் பிந்து.

ஜெனி வாயைத் திறந்தாள், மூடினாள்.

“ரெண்டு மாசம் இருக்கும் இதுக்கு. பேரு இல்லியா? பிள்ளய வச்சிருக்கணும்னு எண்ணம் உள்ளவங்க பேரு வைக்காம இருப்பாவளா?”

அதற்குப் பதில் சொல்லித்தான் ஆக வேண்டும். ஜெனி சொன்னாள், “சுத்தே.”

“அதென்ன பேரு?”

“ஜப்பான் பேரு” என்றேன் நான்.

“அர்த்தம்?”

இந்த இடத்தில் எனக்கு ஒரு பொய் தோன்றியிருக்கலாம். பூ என்றோ நிலா என்றோ சொல்லியிருக்கலாம். பயந்தால் எனக்கு உண்மைதான் வரும். “எறிஞ்சது. களஞ்சது” என்றேன்.

காலரைப் பிடித்த கை முறுக்கியது. “கேட்டியளா! அவரே சொல்லியாரு! பேரே அதாக்கும்!”

“இல்ல மக்கா, ஜப்பான்ல முன்ன ஒரு வழக்கம் உண்டு. கொக்கு, ஆமைன்னெல்லாம் பேரு வைப்பாங்க...”

“எந்த ஜப்பான் வேய்? சாமியார்மடம் ஜங்ஷனுக்குப் பொறத்தாலயா?”

இப்படித்தான் ஜப்பானியப் பெண் பேர்களின் வரலாற்றை, சட்டையில் இரண்டு பொத்தான் போன நிலையில், ஒரு முக்கில் நின்று நான் சொல்ல வேண்டிவந்தது. நாற்பத்திரண்டு வயது வரை வந்தபோது ஒருவர் கை ஓங்கினார்.

மணி இடையில் புகுந்தார். அதுவரை ஓரமாய் நின்றவர்.

“கைய எடும். எனக்க பேரு என்ன தெரியுமா? எல்லாரும் மணின்னு விளிக்கும். அம்ம இட்ட பேரு பிச்சைமணி. எனக்க மேல மூணு போச்சு. பெத்த அண்ணைக்கே சுளவுல வச்சு, அடுத்த வீட்டு அக்காளுக்கு நாழித் தவிட்டுக்கு வித்திட்டு, அவ கையில இருந்து பிச்சையாட்டு வாங்கினா. அம்பது களிஞ்சாச்சு, சாவாம வண்டி ஓட்டியேன். இந்தப் பிள்ளைக்கு முன்னயும் ரெண்டு போயாச்சு. அந்தப் பேரும் எனக்க பேரும் ஒரே பேருதான். ஊருதான் வேற.”

காலரிலிருந்து கை விலகியது. ‘எங்க மாமனுக்கும் பிச்சைன்னுதான் பேரு’ என்று யாரோ சொன்னார். எனக்கோ, இத்தனை நாள் மணி என்று கூப்பிட்டவரின் முழுப் பேரைக்கூடக் கேட்டதில்லையே என்றிருந்தது. ஜப்பான்வரை போய்த்தான் தெரிந்துகொண்டிருக்கிறோம்.

பிந்து மட்டும் அசையவில்லை. “முன்ன ரெண்டு போச்சா?” என்று ஜெனியிடம் கேட்டார்.

ஜெனி தலையாட்டினாள்.

“அப்பிடிப்பட்ட பிள்ளய, எடுக்கதுக்கு ஆளை முன்னால நிறுத்தாமலா வச்ச? நாயி வந்திருந்தா? உருண்டு சானல்ல விழுந்திருந்தா? அதுக்கு உனக்க ஜப்பான்காரி என்ன சொன்னா?”

அப்போதுதான் ஒரு ஸ்கூட்டர் வந்து நின்றது. ஷைனி. மழைக்கோட்டோடு இறங்கி நேரே என்னிடம் வந்தாள்.

“அங்கிள்! அந்தப் பாலத்துல எவ்வளவு நேரமாட்டு நிக்கியேன்! இஞ்ச என்ன செய்யிதிய?”

சானலில் இரண்டு பாலம். குருசடி தாண்டி முதல் இடப்பக்கம் ஒன்று, அடுத்த இடப்பக்கம் ஒரு கிலோமீட்டர் தள்ளி இன்னொன்று. நான் பைப்பு இறக்கியது முதலாவது பாலத்துக்குப் பக்கத்தில். ஷைனி குறித்து அனுப்பியது இரண்டாவது.

எல்லாரும் என்னைப் பார்த்தார்கள். அடி விழுந்திருந்தாலும் பரவாயில்லை என்று தோன்றியது. ஷைனி விஷயத்தைப் புரிந்துகொண்டு, தன் மூன்று பிள்ளைகள் மேல் ஆணையிட்டு எல்லாவற்றையும் சொன்னாள். குலசேகரத்தில் அவள் வேலை பார்க்கும் ஆஸ்பத்திரியில் வைத்துக் கூட்டத்தில் ஒருவர் அவளைப் பார்த்திருக்கிறார். அது உதவியது. பிந்து மறுபடி போலீசுக்குக் கூப்பிட்டு, வர வேண்டாம் என்று சொல்லி, வாங்கிக் கட்டிக்கொண்டார்.

பிறகு ஜெனிக்கு எதிரே வந்து நின்றார். பிள்ளையை இன்னும் கொடுக்கவில்லை.

“இங்க பாரு. இதை எடுத்தது நானாக்கும். இது எனக்க பிள்ள. உனக்கு வளக்கதுக்குத்தான் தாறேன். மாசத்துக்கு ஒருக்கா வீடியோவில எனக்குக் காட்டணும். காட்டலன்னா நான் அந்த ஜப்பானுக்கே வருவேன்.”

ஷைனி வாயில் கைவைத்துக்கொண்டாள். அவள் இத்தனை நாள் பழகிய வாக்கியம் அது. யாரும் சொல்லிக் கொடுக்காமல், பயமுறுத்துவதற்காக பிந்து அதைச் சொல்லிக்கொண்டிருந்தார். ஜெனி அழுதாள். கையை மட்டும் நீட்டியே வைத்திருந்தாள்.

“நில்லு. பேரு அதுக்க காதுல சொல்லியாச்சா?”

“இல்ல அக்கா.”

“பின்ன எப்பிடித் தெரியும் அதுக்கு?”

அவர்கள் வீட்டில் இருபத்தெட்டாம் நாள் செய்கிற முறையாம். ஒரு காதை உள்ளங்கையால் பொத்தி, மறுகாதில் வாயை வைத்து, எல்லாருக்கும் கேட்கும்படி மூன்று தடவை சொன்னார். சுத்தே, சுத்தே, சுத்தே. உச்சரிப்பு என்னுடையதைவிட மோசம். ஜெனி கண்ணை இறுக்கி மூடிக்கொண்டாள். பேரைச் சத்தமாகச் சொல்லிவிட்டார்களே, எதற்குக் கேட்கக் கூடாதோ அதற்குக் கேட்டிருக்குமே என்று நானும் பல்லைக் கடித்துக்கொண்டு நின்றேன். ஒன்றும் நடக்கவில்லை. பிள்ளை தும்மியது. பிந்து அதை ஜெனியின் கையில் வைத்தார்.

மத்தியானம் இரண்டு மணிக்கு வீட்டில் இருந்தோம். வேட்டியில் சேறு எப்படி என்று என் மனைவி கேட்டாள். அருவியில் வழுக்கிவிட்டது என்றேன். சாயங்காலம் அந்தப் பையன் எடுத்த வீடியோ பெண்கள் கூட்டத்து வாட்ஸ்அப் குழுவுக்கே வந்து சேர்ந்தது. அதற்கு அப்புறம் நடந்ததைப் பயணக் கட்டுரையில் எழுதுவது முறையல்ல. ஆனால் திட்டி முடித்தபின் அவளும் பிள்ளையின் பக்கத்தில் போய் உட்கார்ந்து, அந்தப் பேரை ஒருமுறை மெல்லச் சொல்லிப் பார்த்தாள். ஞானஸ்நானத்தில் ஜாய்ஸ் சுத்தே என்று வைத்தோம். சபை ஐயர், அதாவது போதகர், அர்த்தம் கேட்டார். ஜெனி முந்திக்கொண்டு, பழைய பேர் என்று சொல்லிவிட்டாள்.

இதே மாதிரி போக நினைப்பவர்களுக்கு: இந்தக் காரியத்துக்குப் போகாதீர்கள். எஸ்டேட்டைப் பார்க்க மட்டும் போகிறவர்களுக்கு, வடசேரியிலிருந்து குலசேகரத்துக்கு அடிக்கடி பஸ் உண்டு, அங்கிருந்து ஆட்டோ பிடிக்கலாம். மழைக்காலத்தில் சானல் ஓரம் பிள்ளைகளை இறக்கிவிட வேண்டாம், ஓட்டம் மேலே தெரிகிறதைவிட அடியில் வேகம். உள்ளே டவர் கிடையாது. வழி தெரியும் என்று யாராவது சொன்னால், முக்கியமாக அவருக்கு ஐம்பது வயதுக்கு மேலென்றால், நம்பாதீர்கள். முக்கில் பிந்துவின் கடையில் சாயா பதினைந்து ரூபாய். உழுந்துவடை நன்றாக இருக்கும் என்று கேள்வி, எனக்குச் சாப்பிட வாய்க்கவில்லை.

பயம் போய்விட்டதா என்று ஜெனியை நான் கேட்கவில்லை. எனக்குப் போகவில்லை. மூக்கடியில் விரல் வைப்பது இப்போதும் உண்டு. கிள்ளுவதை நிறுத்தியிருக்கிறேன். ஆகஸ்ட்டில் பிள்ளையோடு ஜப்பானுக்குத் திரும்புகிறாள். அதுவரை பிந்துவுக்கு வீடியோ கூப்பிடுவது என் பொறுப்பு. முதல் மாதம் கூப்பிட்டபோது, எனக்கு ஒரு வணக்கம்கூடச் சொல்லாமல் அவர் கேட்டார்.

“எனக்க பிள்ள எங்க?”

பிள்ளை கட்டிலில் சுவரைப் பார்த்துப் படுத்திருந்தது. நான் போனைப் பிடித்துக்கொண்டு பாப்பா, பாப்பா என்றேன். திரும்பவில்லை.

“பேரு இல்லியா அதுக்கு? பேரு சொல்லி விளியும்!”

அன்றுவரை நான் அந்தப் பேரைச் சொல்லி அதைக் கூப்பிட்டதில்லை. அறையில் வேறு யாராவது இருக்கிறார்களா என்று சுற்றும்முற்றும் பார்த்தேன். “சுத்தே” என்றேன்.

திரும்பிப் பார்த்தது.